ஊர்க்காரர்

பெலிக்ஸுக்கு ஆசைகள் அதிகம். ராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி நெய்கிற பதினாறு தறிகளுக்கு முதலாளி. மனுஷன் அதோடு நின்றாரா? ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் வயலின் வாசிப்பார். கிறிஸ்துமஸ் நாடகத்துக்கு மாட்டுத்தொழுவமும் வானமும் வரைவது அவர்தான். கேரம் போர்டு முன்னால் உட்கார்ந்தால் சோறு மறந்துபோகும். ஆனால் உயிர் என்னவோ வாலிபால்தான். குடியிருக்கிற ஸ்ரீவில்லிபுத்தூரில் முள்ளுக்காடாகக் கிடந்த இடத்தை வெட்டி மைதானமாக்கி, கிளப் தொடங்கி, இருபத்தைந்து வருடம் செயலாளராக ஓடியாடியவர். தலைவராக இருந்த பெரியவர் போன வருடம் தவறிப்போனார். வெள்ளிவிழாப் போட்டிக்காவது அந்த நாற்காலியில் தான் உட்கார வேண்டும் என்று பெலிக்ஸ் ஆசைப்பட்டார். ஆசைப்பட்டதில் என்ன தப்பு?

பிறந்தது இலங்கையில், ஹட்டன் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில். அங்கே அவரை இந்தியாக்காரன் என்றார்கள். எண்பத்து மூன்றில், பதினாறு வயதில், அப்பா அம்மாவோடு கப்பலேறி இங்கே வந்தால் சிலோன்காரன் என்றார்கள். மில் வேலைக்குப் போய், பழைய தறி நாலு வாங்கி, தட்டுத்தடுமாறி முன்னுக்கு வந்தார். வந்த புதிதில், "ஏலே, ஒசரமா இருக்கியே, பந்து அடிப்பியா?" என்று கூப்பிட்டு ஆட்டத்தில் சேர்த்துக்கொண்டவர் ஐயாதுரை. ஐயாதுரை பந்தைத் தூக்கிக் கொடுப்பார், பெலிக்ஸ் அடிப்பார். பார்க்காமலே குதிப்பார், பந்து சரியாக அங்கே இருக்கும். அந்த நம்பிக்கையை அவர் ஆட்டத்தோடு நிறுத்தியிருக்கலாம்.

மாசி மாதம் ஒருநாள் ஐயாதுரை ஒரு தாளோடு வந்தார்.

"மாப்ளே, கிளப்புக்குப் புது விதி. மைதானத்துல போர்டா வச்சிருவோம். ஒன் கையெழுத்துதான் லெச்சணமா இருக்கும், நீயே எழுதிரு."

ஆறாவது விதி இது: 'நிர்வாகிகள் ஊர்க்காரராக இருத்தல் வேண்டும்.' மதுரைக்காரர் ஒருவர் கிளப்புக்குள் நுழையப் பார்த்துக்கொண்டிருந்த நேரம். அவருக்குத்தான் இந்த ஆப்பு என்று பெலிக்ஸ் நினைத்தார். மற்ற விதிகளைக் கறுப்பில் எழுதியவர், இதை மட்டும் சிவப்பு எனாமலில் எழுதினார். 'ஊர்க்காரர்' என்ற எழுத்துகளுக்கு நிழல்கூடப் போட்டார்.

"இது மட்டும் என்ன இம்புட்டுப் பெருசா?" என்று கேட்டாள் மனைவி பிரிஸ்கில்லா.

"நம்ம ஊரு. நாமதான பாத்துக்கிடணும்" என்றார். பாவி மனுஷன்.

பங்குனியில் கூட்டம் நடந்தது. 'நீதான் தலைவர்' என்று ஐயாதுரை முன்பே சொல்லியிருந்ததால் பெலிக்ஸ் புதுச்சட்டை போட்டுக்கொண்டு போயிருந்தார். ஐயாதுரை எழுந்து, தலைவர் பதவிக்குத் தன் மகன் ராம்கியின் பெயரைச் சொன்னார்.

"ஏலே, நாம பேசுனது என்ன?"

"விதி இருக்குல்லா மாப்ளே. ஊர்க்காரர்னா இங்கன பொறந்தவன். நீயே எழுதுன போர்டுதான."

"அப்ப நாப்பது வருசமா நான் யாருலே?"

ஐயாதுரை தாளைப் புரட்டினார். பெலிக்ஸ் பந்து அடிக்கக் கற்றுக்கொடுத்த ஆட்கள் ஒரு டஜன் பேராவது அங்கே இருந்தார்கள். யாராவது வாயைத் திறப்பார்கள் என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். எல்லாக் கைகளும் ராம்கிக்காக உயர்ந்தன.

"கோவப்படாத. ஒன்னைய விட்ருவமா? போட்டித் தொடக்க விழாவுக்கு நீதான் சிறப்பு விருந்தினர்" என்றார் ஐயாதுரை.

"அந்தப் பக்கமே போவாதிய" என்று பிரிஸ்கில்லா தலையில் அடித்துக்கொண்டாள். கேட்கவில்லை. மைதானத்தைப் பார்க்காமல் அவரால் இருக்க முடியாது.

விழா மேடையில் ராம்கி அவருக்குப் பொன்னாடை போர்த்தினான். "நமது ஊருக்கு வருகை தந்திருக்கும் சிறப்பு விருந்தினர் அவர்களே" என்று மைக்கில் வழக்கம்போல வாசித்தார்கள். யாருக்கும் அது உறைக்கவில்லை. பெலிக்ஸ் கும்பிட்டுவிட்டு உட்கார்ந்தார். கண்ணில் தண்ணீர் கோத்துக்கொண்டதை வெயில் என்று சொல்லிச் சமாளித்தார்.

முதல் ஆட்டம் முடிந்ததும் ஐயாதுரை ஓடி வந்தார்.

"கார் நிக்கி மாப்ளே. விருந்தாளிய நடக்க விடலாமா? கொண்டுபோய் விடச் சொல்லுதேன்."

"எங்கலே கொண்டுபோய் விடுவ?" என்று கேட்டார் பெலிக்ஸ். அவர் வீடு அடுத்த தெருவில் இருந்தது.