நரிமாமாவும் ஒரு நொண்டிக் குட்டியும்

எங்கள் மாமா தொலைக்காட்சியில் காட்டு விலங்குகளைக் காட்டிப் பேசுகிறவர். தெருவில் அவருக்கு நரிமாமா என்று பெயர். வைத்தது யார் என்று என்னைக் கேட்காதீர்கள்.

ஆரம்பத்தில் அவர் காட்டுச் சத்தங்களைப் பதிவு செய்ய மைக் பிடிக்கிற ஆள்தான். ஒருநாள், பேச வேண்டியவர் காட்டுப்பன்றியைப் பார்த்து மரமேறிவிட்டு, இறங்கவே மாட்டேன் என்று அடம்பிடிக்க, மாமாவைக் கேமரா முன்னால் தள்ளிவிட்டார்கள். அப்படியே ஒட்டிக்கொண்டார். விலங்கு மிரளக் கூடாதென்று கிசுகிசுத்துப் பழகியதில் வீட்டிலும் அதே குரல்.

"ஏங்க, வாயத் தொறந்து பேசுங்க. இங்க எந்தப் புலியும் தூங்கல" என்பார் அத்தை.

"நீ முழிச்சிருக்கியே, அது போதாதா?" அதையும் கிசுகிசுப்பாகத்தான் சொல்வார்.

அந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஒரே நரி என்று நாம் நம்பிப் பார்ப்பது பெரும்பாலும் இரண்டு மூன்று நரிகளாக இருக்கும். கிடைத்த காட்சிகளை ஒட்டிக் கதையாக்குவார்கள். மாமாவும் பல வருடம் அதற்குக் குரல் கொடுத்தவர்தான், ஒன்றும் உத்தமர் இல்லை.

போன வருடம் ஒரு நொண்டி நரிக்குட்டியை மாதக்கணக்கில் படம்பிடித்தார்கள். கடைசியில் அது சாலையில் அடிபட்டுக் கிடந்தது. மாமாதான் குழி தோண்டிப் புதைத்தார். பிறகு குரல் பதிவு செய்யும் அறையில் போய் உட்கார்ந்தால், திரையில் வேறொரு வளையின் குட்டி துள்ளி ஓடுகிறது. 'நம் குட்டி பிழைத்துவிட்டது' என்று அவர் பேச வேண்டுமாம்.

"அண்ணே, நரிக்கு நரி என்ன வித்தியாசம்? பாக்குறவங்க அடையாள அட்டையா கேக்கப் போறாங்க?" என்றார் இயக்குநர்.

"ரெண்டு நரிய ஒண்ணாக்கலாம்ப்பா. செத்தத எழுப்ப முடியாது" என்றார் மாமா.

"பேசலன்னா அடுத்த சீசன் உங்களுக்கு இல்ல. மேல சொல்லிட்டாங்க."

மாமா மைக்கை அருகே இழுத்தார். பிறகு பேசினார்: 'இது வேறு குட்டி. நம் குட்டி சாலையைக் கடக்கவில்லை.'

ஒளிபரப்புக்கு நேரம் நெருங்கிவிட்டதால் அது அப்படியே போனது. அடுத்த சீசனுக்குப் பளபளவென்று ஒரு புது ஆள் வந்தார். மாமா பழையபடி மைக்கைத் தூக்கிக்கொண்டு அதே குழுவோடு கிளம்பினார்.

வருத்தமில்லையா என்று கேட்டால், "வெயில்ல பவுடர் பூச வேண்டாம்ல" என்பார். நம்பினேன் என்று சொல்ல மாட்டேன்.

நேற்று புது நிகழ்ச்சி வந்தது. மாமாவின் முகம் எங்குமே இல்லை. நடுவில் ஒரு கொக்குக் கூட்டம் ஏரியிலிருந்து எழுந்தது. பேச்சு நின்று, இறக்கைச் சத்தம் மட்டும் கேட்டது. அது மாமா மைக்கில் பிடித்த சத்தம்.

அத்தை எழுந்து போய், கடகடத்துக்கொண்டிருந்த மின்விசிறியை நிறுத்தினார்.