தம்பியின் நாடகத்துக்கு நான் வைத்த ஒப்பாரி

எனக்குச் சீராக எழுத வராது. ஐந்தாம் வகுப்போடு நின்றவள். மறதியும் வந்துவிட்டது. முன்னுக்குப் பின் கிடந்தால் கோபிக்க வேண்டாம்.

என் தம்பி படங்களுக்கும் டிவி நாடகங்களுக்கும் இசை போடுகிறவன். கல்லடியில் எங்கள் வீட்டுப் பின்னறைதான் அவனுடைய ஸ்டூடியோ. சுனாமி அவனுடைய கீபோர்டைக் கொண்டுபோனது. பிறகு இன்னொன்று வாங்கிக் கோயில் திருவிழாக்களில் வாசித்துக் காலம் தள்ளினான். சண்டை முடிந்த பிறகுதான் கொழும்பிலிருந்து முதல் நாடகம் கிடைத்தது.

அதில் ஒரு சாவுக் காட்சி. தம்பி வாசித்து அனுப்பியதைக் கேட்ட டைரக்டர் போனில் சத்தம் போட்டார். "இது கல்யாண வீட்டு மேளம் மாதிரி இருக்கு. அசல் ஒப்பாரி வேணும். காலையில கைக்கு வராட்டி வேற ஆளைப் பார்ப்பன்."

அன்று பின்னேரம் புறப்படும் கொழும்பு பஸ்ஸில் அனுப்பியாக வேண்டும்.

"அக்கா, நீங்கதான் வைக்கோணும்."

"என்னால ஏலாதுடா. ஆக்கள் பார்த்தா எனக்குக் குரல் வராது."

கதவு ஜன்னல் எல்லாம் சாத்தினான். என்னை மைக்குக்கு முன்னால் இருத்திவிட்டு, தன் காதில் ஹெட்போனை மாட்டிச் சுவரைப் பார்த்து உட்கார்ந்தான். திரும்பக் கூடாது என்பது என் கண்டிப்பு. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு தொடங்கினேன். முதலில் வெட்கம். பிறகு கடல் கொண்டுபோன சின்னம்மாவை நினைத்தேன். குரல் தானாக எழும்பிவிட்டது.

ஒன்றை மறந்துவிட்டோம். கடல் வந்ததற்குப் பிறகு எங்கள் ஒழுங்கையில், இந்தச் சின்னத் தெருவில், ஒப்பாரி கேட்டால் யாரும் விசாரித்து நிற்பதில்லை, ஓடி வந்துவிடுவார்கள்.

பக்கத்து வீட்டு மச்சாள் பின்கதவைத் தள்ளிக்கொண்டு வந்து, என்னைக் கட்டிப்பிடித்துத் தானும் ஒப்பாரி தொடங்கினாள். ஒரு பாட்டு முடித்த பிறகுதான் செத்தது யாரென்று கேட்டாள்:

"ஆருகா மோசம் போன?"

"ஒருத்தருமில்ல மச்சாள். டிவிக்கு."

"டிவிக்கா? அடுப்பில கிடந்த சோத்தை இறக்கிப் போட்டுல்ல ஓடி வந்தன்!"

அதற்குள் சாவு வீடு மாதிரி முற்றத்தில் சனம் உட்காரக் கதிரைகள் வந்துவிட்டன. மீன் வாங்கப் போன என் மனுசன் சனத்தைக் கண்டதும் பையைப் போட்டுவிட்டு வாசலில் விழுந்தார்.

"என்னை விட்டுட்டுப் போயிட்டியே புள்ள! இனி எனக்கு ஆரு கறி ஆக்கித் தாற?"

"இஞ்ச நிக்கிறன்," என்று எட்டிப் பார்த்தேன்.

"அப்ப அழுதது ஆரு?"

"நான்தான்."

"உயிரோட இருந்துகொண்டு என்ன வேலைகா இது!"

தம்பி சொன்ன சொல் தவறவில்லை. சுவரைப் பார்த்தபடியேதான் இருந்தான். குரல் பதியும் மெஷினையும் நிறுத்தவில்லை.

அத்தனை பேருக்கு முன்னால் இன்னொரு தரம் பாட என்னால் முடியவில்லை. குசினிக்குள் போய் அடுப்படியில் ஒளிந்துகொண்டேன். தம்பி முகம் செத்துப்போய், மைக்கில் பிடிபட்டதை வெட்டி ஒட்டி பஸ்ஸில் கொடுத்தான்.

மறுநாள் டைரக்டரின் போன் வந்தது. "அந்தக் கிழவரை எங்க பிடிச்சீங்க? அழுறார் பாருங்க, அசல்!"

வேலை நிலைத்தது. அடுத்த நாடகமும் தம்பிக்கே வந்தது.

நாடகம் டிவியில் போன அன்று ஒழுங்கைச் சனம் முழுக்க எங்கள் வீட்டில். என் குரல் கொஞ்சம்தான். மனுசனின் கதறல் முழுசாக வந்தது. அதற்குப் பிறகு அவர் கடைக்குப் போவதென்றாலும் தலை சீவாமல் போகமாட்டார்.

கடைசியில் பெயர்கள் ஓடின. அந்த வேகத்துக்கு எனக்கு வாசிக்க வராது. என் பெயரும் வந்தது என்கிறான் தம்பி. தன் பெயர் மட்டும்தான் என்கிறார் மனுசன். அந்த நாடகத்தைப் பார்த்தவர்கள் யாராவது சரிபார்த்துச் சொன்னால் நல்லது. அவருக்குத் தெரியாமல் சொல்லுங்கள்.