விரிசல் என்ற பெயரில் ஆடியவள்

உங்கள் பெயரைச் சொன்னவுடன், "உங்க குலசாமி எதுங்க, கோயில் எந்த ஊர்ல இருக்குது?" என்று யாராவது உங்களைக் கேட்டிருக்கிறார்களா? கேட்டிருந்தால், பதில் சொல்வதற்கு முன் உங்களுக்கு நாக்கு வறண்டதா? வறளவில்லை என்றால், கலைமணியைப் பற்றி நீங்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும்.

கலைமணிக்கு இருபத்தாறு வயது. புதுச்சத்திரத்துக்குப் பக்கத்தில் ஒரு கோழிப்பண்ணையில் முட்டை ரூமில் வேலை. பண்ணைக்குள்ளேயே ஆட்களுக்கு என்று கட்டிய ஒற்றை அறை வீட்டில் அம்மா குப்பாயியோடு இருக்கிறாள். முன்னால் பிறந்த இரண்டும் செத்துப்போனதால், மூன்றாவதாவது நிலைக்கட்டும் என்று குப்பையில் போட்டு எடுத்து வைத்த பெயர் குப்பாயி. அந்தப் பெயரோடு ஐம்பது வருடம் கோழி எருவை அள்ளிய அந்த அம்மாள், தன் மகளுக்காவது நல்ல பெயர் வேண்டும் என்று பள்ளிக்கூடத்து வாத்தியாரிடம் கேட்டு வாங்கியது கலைமணி.

முட்டை ரூமில் அவள் பார்ப்பது விரிசல். அட்டைக்கு முப்பது முட்டை. மயிரிழை அளவு விரிசல் இருந்தாலும் லாரியில் ஏறக்கூடாது. மற்றவர்கள் விளக்குக்கு நேராகத் தூக்கிப் பார்ப்பார்கள். கலைமணிக்கு அட்டையின் மேல் ஒருமுறை கண்ணை ஓட்டினால் போதும். அந்தக் கண்தான் அவளைத் துப்பாக்கிச் சண்டை விளையாட்டுக்கும் இழுத்தது. மத்தியானச் சோற்று நேரத்தில் மேஸ்திரி முருகானந்தத்தின் போனில் வேடிக்கையாக ஒருநாள் ஆடினாள். மூன்றாம் நாளே அவரைவிட நன்றாகச் சுட்டாள். பிறகு தவணையில் சொந்தமாக ஒரு போன் வாங்கினாள்.

விளையாட்டுக்குள் நுழையப் பெயர் வேண்டும். உலகத்தில் வேறு யாரும் வைத்திருக்காத பெயராக இருக்க வேண்டும். கலைமணி என்று அடித்தாள். ஏற்கெனவே இருக்கிறது. பிறந்த வருடத்தைச் சேர்த்தாள். அதுவும் போயிருந்தது. சிங்கம், புலி, பருந்து, எதுவும் மிச்சமில்லை. எதிரே ஆடுகிறவர்களின் பெயர்களைப் பார்த்தாள். பாதிப் பேர் தங்கள் சாதிப் பட்டத்தையே பெயராக வைத்து, அதற்கும் போட்டி இருந்ததால் பின்னால் எண்களை ஒட்டியிருந்தார்கள். ஒரே பட்டத்துக்கு முந்நூறு பேர், முந்நூறு எண்கள். முகமே தெரியாத இடத்துக்கும் அதைத்தான் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள்.

மூன்று நாள் யோசித்தாள். நாலாம் நாள், அட்டையிலிருந்து ஒரு முட்டையை எடுத்துத் தனியே வைக்கும்போது தோன்றியது. "விரிசல்" என்று அடித்தாள். பச்சைக் குறி வந்தது. யாரும் எடுத்திருக்கவில்லை.

ஆறு மாதத்தில் அந்தப் பெயரைத் தேடி ஆட்கள் வந்தார்கள். ஆழ்துளைக் கிணறு தோண்டும் திருச்செங்கோட்டு ரிக் வண்டி முதலாளி ஒருவரின் மகன் மோகன்குமார் நால்வர் அணி வைத்திருந்தான். அவன், தனுஷ், மதியழகன் மூன்று பேரும் உறவுக்காரர்கள். நாலாவது ஆளாக விரிசலைச் சேர்த்துக்கொண்டார்கள். கலைமணி வாயைத் திறந்து பேசுவதில்லை. எழுதுவாள், அவ்வளவுதான்.

"மைக்க ரிப்பேர் பண்ணு மாப்ள. செவுத்தோட பேசற மாதிரி இருக்குது" என்பான் தனுஷ்.

"செவுரு சுடுதல்லடா? நீ வாய வெச்சுட்டு என்னத்தக் கிழிச்ச?" என்பான் மதியழகன்.

ஒருநாள், "ஷெட்டுக்கு வேக்சின், அஞ்சு மணிக்கு மேலதான் வருவேன்" என்று எழுதினாள்.

"அட, பண்ணைக்காரனா! எத்தன ஷெட்டு மாப்ள?" என்று கேட்டான் மோகன்குமார்.

"பதினொண்ணு" என்று எழுதினாள்.

பதினோரு ஷெட்டு என்றால் லட்சத்துக்கு மேல் கோழி. அன்றிலிருந்து விரிசலுக்கு மரியாதை கூடியது. எண்ணிக்கை சரிதான். தன்னுடையது என்று அவள் சொல்லவில்லை. வேலைக்காரியின் விரல் இவ்வளவு குறிபார்க்கும் என்று அவர்களுக்குத் தோன்றவும் இல்லை.

சேலத்தில் ஒரு கல்லூரி அரங்கில் போட்டி அறிவித்தார்கள். மேடை, பெரிய திரை, நேரடி ஒளிபரப்பு. தகுதிச் சுற்றுகளில் அணி தேறியது, பாதிக்கு மேல் விரிசலின் துப்பாக்கியால். ஆடுபவர்களின் விளையாட்டு ஐடிகளைப் பதிவு செய்தாகிவிட்டது; இனி பெயரில் எழுத்து திருத்தலாம், ஐடியை மாற்ற முடியாது. மேடையில் உட்கார்ந்து ஆட வேண்டும் என்று கலைமணி ஆசைப்பட்டாள். தன் பெயர் பெரிய திரையில் வரும்போது கீழே அம்மா உட்கார்ந்திருக்க வேண்டும். அதற்காக ஒரு சுடிதாரும் எடுத்து வைத்தாள்.

அப்போதுதான் மோகன்குமாருக்குப் பெயரியல் பித்துத் தலைக்கேறியது. சேலத்தில் எண் கணிதம் பார்க்கும் ஒருவரிடம் போய், விளையாட்டில் இருந்த தன் பெயருக்கு இரண்டு எழுத்து கூட்டி வந்திருந்தான். அணி முழுவதற்கும் பார்க்க வேண்டுமாம். வாட்ஸ்அப் குழுவில் எழுதினான்: "எல்லாரும் நெசப் பேரு, பொறந்த தேதி, நட்சத்திரம், குலசாமி அனுப்புங்க. கோயில் எங்க இருக்குதுன்னும் போடுங்க."

படித்த பையன்தான். எந்திரங்களைப் பற்றிப் பட்டம் வாங்கியவன். துப்பாக்கிக் குண்டு எழுத்துகளின் கூட்டுத்தொகையைப் பார்த்துக்கொண்டு பாயாது என்று அவனுக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

மற்ற இருவரும் உடனே அனுப்பினார்கள். கலைமணி இரண்டு நாள் பதில் போடவில்லை. பொய் சொல்லியிருக்கலாம். முதலாளி வீட்டுக் குலசாமி கோயிலுக்கு வருடா வருடம் பொங்கல் விறகு இறக்குவது குப்பாயிதான். வாசல்வரைக்கும் தெரியும். அந்தப் பெயரை எழுதினால் ஒருவரும் கண்டுபிடிக்கப் போவதில்லை. அவள் எழுதியது இது: "கலைமணி. மாரியாயி. மல்லசமுத்திரத்துக்குப் பக்கத்துல, எங்க காலனிக்குள்ளார கோயில்."

மூன்று பேரும் படித்ததற்கு அடையாளம் வந்தது. கொஞ்ச நேரம் கழித்து மோகன்குமார் போனில் கூப்பிட்டான்.

"அலோ, கலைமணி இருக்காருங்களா?"

"நாந்தானுங்க கலைமணி."

"பொம்பளப் புள்ளையா! பதினோரு ஷெட்டுன்னு சொன்ன?"

"பதினொண்ணுதானுங்க. நான் முட்டை ரூம்ல இருக்கறனுங்க."

"யாரு பண்ணை?"

சுவாமிநாதன் பண்ணை என்றாள்.

"அது எங்க மாமா பண்ணை!" என்று சிரித்தான். பிறகு சிரிப்பு நின்றது. "சரி உடு. நாங்க பாத்துக்கறோம். அந்த ஐடி பாஸ்வேர்ட மட்டும் அனுப்பிரு. பதிஞ்ச ஐடிய மாத்த முடியாதாமா. எங்க சித்தப்பா பையன் சந்தோஷ்குமாரு அதுல ஆடிக்குவான்."

"அது என்ற பேருங்க."

"என்ன பெரிய பேரு? கேமுக்கு வெச்சதுதான?"

தர மாட்டேன் என்று சொல்லிவிட்டு வைத்தாள். அவ்வளவு தைரியம் அவளிடம் இருந்தது. மறுநாள் காலையில் முட்டை ரூமுக்கு முருகானந்தம் வந்தார். அவர் முகமே சரியில்லை.

"ஏம்புள்ள, பெரிய எடத்துப் பசங்களோட உனக்கென்ன வெளையாட்டு? முதலாளி கூப்புட்டுச் சொல்றாரு, கேக்கறதக் குடுத்துட்டு வேலையப் பாக்கச் சொல்லுன்னு. இல்லீன்னா ஊட்டக் காலி பண்ணச் சொல்லுவாராமா. உங்கம்மா இந்த வயசுல எங்க போகும்?"

"நீங்க என்னண்ணா சொல்றீங்க?"

"நான் என்ன சொல்றது. எனக்கும் இங்கதான ஊடு."

மத்தியானம் குப்பாயி எருக் கூடையை இறக்கி வைத்துவிட்டு மகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். "குடுத்துரு சாமி. பேருதான? இன்னொண்ணு வெச்சுக்க."

கொடுத்தாள்.

போட்டி நடந்த ஞாயிற்றுக்கிழமையும் கோழிகள் முட்டையிட்டன. அட்டைகளின் மேல் போனைச் சாய்த்து வைத்து, வேலை செய்துகொண்டே பார்த்தாள். திரையில் விரிசல் ஓடியது, பதுங்கியது, குறி தவறியது. வீட்டு மாடியில் நின்ற எதிரியை விட்டுவிட்டுச் சுவரைச் சுட்டது. ஒவ்வொரு தடவையும் கலைமணியின் கட்டைவிரல் தானாக அசைந்தது. மற்ற மூவரும் இழுத்துப் பிடித்ததில் அணிக்கு மூன்றாம் இடம் கிடைத்தது.

"தகுதிச் சுற்றுல கலக்கின விரிசல் யாருங்க? கைய தூக்குங்க!" என்று அறிவிப்பாளர் கேட்டார். சந்தோஷ்குமார் கையைத் தூக்கினான். அரங்கம் கை தட்டியது.

"உன்ற பேரச் சொல்றாங்க புள்ள!" என்றார் பின்னால் நின்ற முருகானந்தம், மறந்துபோய். நினைவு வந்ததும் குனிந்து அட்டைகளை அடுக்க ஆரம்பித்தார்.

முதல் இடம் போனதற்கு அந்தப் பெயரின் கூட்டுத்தொகைதான் காரணம் என்று எண் கணிதக்காரர் சொன்னாராம். சந்தோஷ்குமாருக்குச் சுடத் தெரியவில்லை என்று சொல்ல அந்தச் சாத்திரத்தில் இடமில்லை போலும். அவர் சொன்னபடி பெயரை மாற்றி, முன்னால் தங்கள் சாதிப் பட்டத்தையும் ஒட்டிக்கொண்டார்கள். பாஸ்வேர்டையும் மாற்றிவிட்டார்கள். கலைமணி புதிதாகத் தொடங்கி, மறுபடி "விரிசல்" என்று அடித்துப் பார்த்தாள். ஒருவர் விட்ட பெயரைக் கொஞ்ச காலத்துக்கு யாருக்கும் தருவதில்லை என்று திரை சொன்னது. விளையாட்டையே போனிலிருந்து எடுத்துவிட்டாள். இப்போது சோற்று நேரத்தில் சோறு மட்டும் தின்கிறாள். அந்தச் சுடிதாரை இன்னும் உடுத்தவில்லை.

இதில் கத்தி இல்லை, ரத்தம் இல்லை, காவல் நிலையத்தில் எழுதிக்கொள்ள ஒன்றுமே இல்லை. வாட்ஸ்அப்பில் ஒரு கேள்வி வந்தது, அவ்வளவுதான். அந்தக் குழுவில் இருந்த தனுஷும் மதியழகனும் கெட்டவர்கள் அல்ல. ஆறு மாதம் அவளோடு சிரித்தவர்கள். அவர்களில் ஒருவன், ஒரே ஒருவன், "அது எதுக்கு மாப்ள நமக்கு?" என்று கேட்டிருந்தால் பேச்சு அங்கேயே நின்றிருக்கும்.

நீங்களும் ஏதோ ஒரு குழுவில் இருப்பீர்கள். விளையாட்டு அணியோ, அலுவலகமோ, வாடகைக்கு வீடு பார்க்க வந்தவரோடு நிற்கும் நாலு பேரோ. அந்தக் கேள்வி அங்கேயும் வரும், சிரித்த முகத்தோடு, மரியாதையாக, "ங்க" போட்டு வரும். அப்போது பதில் சொல்ல வேண்டியவரின் முகத்தைத் தயவுசெய்து பார்க்காதீர்கள். கேட்டவரைப் பாருங்கள். அவர் சொந்தக்காரராக இருந்தாலும் சரி, சம்பளம் கொடுப்பவராக இருந்தாலும் சரி, எல்லோர் காதிலும் விழும்படி, "அது எதுக்குங்க?" என்று நீங்கள் கேளுங்கள்.