நேராகிவிட்ட எழுத்து

அரசாங்கத்திடம் நல்ல பெயர் எடுக்க நினைத்ததுதான் ஒட்டிலியா செய்த தப்பு.

கம்யூனிஸ்ட் ஆட்சிக்கால ருமேனியாவில் டைப்ரைட்டர் வைத்திருப்பவர்கள் ஆண்டுக்கொரு முறை அதைச் சுமந்துகொண்டு போலீஸ் நிலையத்துக்குப் போய், எல்லா எழுத்தையும் அடித்து மாதிரி கொடுக்க வேண்டும். எவனாவது தலைவரைத் திட்டித் துண்டுத்தாள் அடித்தால், எந்த வீட்டு மெஷின் என்று கண்டுபிடித்துவிடலாம் அல்லவா? ஒட்டிலியாவின் மெஷினில் ‘ஆர்’ எழுத்து பல வருடமாகச் சாய்ந்தே விழும். மாணவர்களின் ஆய்வேடுகளை அதில் அடித்துக் கொடுத்துத்தான் அவள் வீட்டில் அடுப்பு எரிந்தது. இந்த வருட மாதிரியாவது அழகாக இருக்கட்டும் என்று, கொழுந்தனிடம் சொல்லி அந்த எழுத்தை நிமிர்த்திவிட்டாள்.

சார்ஜன்ட் கவ்ரில் போன வருடத் தாளையும் இந்த வருடத் தாளையும் ஒன்றோடொன்று வைத்துப் பார்த்தார்.

“இது வேற மெஷின்.”

“அதேதாங்க தோழர். கோணலா இருந்துச்சு, நேராக்குனேன்.”

“யாரைக் கேட்டு நேராக்குன? ஃபைல்ல கோணலா இருக்கு. அப்ப கோணலாத்தான் இருக்கணும்.”

லைசென்ஸ் போனால் பிழைப்பு போச்சு. கேஸ் என்று வந்தால் ஆளே போச்சு. கவ்ரில் பெருமூச்சு விட்டு, இழுப்பறையிலிருந்து ஒரு குறடு எடுத்தார். அதற்கென்றே குறடு வைத்திருக்கிறார் என்றால் ஊரில் இன்னும் எத்தனை நல்லவர்களோ. வளைத்தார், அடித்துப் பார்த்தார், மறுபடி வளைத்தார். மூன்றாம் தடவை பழைய கோணல் வந்துவிட்டது.

தாளில் குத்த முத்திரையைக் கையில் எடுத்தவர், எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார். குரல் இறங்கியது.

“எங்க வீட்டுல ரெண்டு குளிர்காலமா கணப்பு வேலை செய்யல. குழந்தைக்கு நெஞ்சுச்சளி. மேலிடத்துக்கு ஒரு புகார் போடணும், கையால எழுதுனா எவனும் படிக்க மாட்டான். அடிச்சுத் தர்றீங்களாக்கா?”

நிஜமாகவே குளிரா, இல்லை, கண்ணியா? போலீஸ்காரர் பேச்சைக் கேட்டு அரசாங்கத்தைக் குறை சொல்லி அடித்தவர்கள் எங்கே போனார்களோ! ஒட்டிலியா பயத்தில் வாயில் வந்ததைச் சொன்னாள்.

“எனக்கு டைப் அடிக்கத் தெரியாதுங்க.”

இப்போது வெளுத்தது கவ்ரிலின் முகம். தான் கேட்டதை இவள் வெளியே சொல்லிவிட்டால்? கதவை அகலத் திறந்தார். தாழ்வாரம் முழுக்கக் கேட்கும்படி சொன்னார்.

“டைப் அடிக்கத் தெரியாதவளுக்கு மெஷின் எதுக்கு? பறிமுதல்.”

அவள் மறுத்து ஒரு வார்த்தை பேசவில்லை. பேசினால், போலீசிடம் பொய் சொன்ன குற்றமும் சேர்ந்துவிடும்.