வேகத்தடைக்காரரும் மூன்றடுக்கு கேக்கும்

டம்ளர் நிறையத் தேநீரோடு ஜீப்பின் முன் இருக்கையில் ஏறி உட்காருகிறார். குடிப்பதற்கில்லை. "விடுப்பா, வழக்கமான வேகம்" என்கிறார். டிரைவர் ஒரு பெருமூச்சு விட்டு வண்டியைக் கிளப்புகிறார். எதிரே, நேற்றுப் போட்டு இன்று காய்ந்திருக்கும் புத்தம்புது வேகத்தடை. ஜீப் ஏறி இறங்குகிறது. டம்ளரைப் பார்க்கிறார், பிறகு சட்டையைப் பார்க்கிறார். டம்ளரில் பாதி, சட்டையில் பாதி. "பாஸ்!" என்கிறார், வாயெல்லாம் பல்லாக.

எங்கள் எதிர்வீட்டுக்காரர்தான். எந்தத் தெருவில் வேகத்தடை போடுவது, எவ்வளவு உயரம் என்று முடிவு செய்கிற போக்குவரத்துத் துறை அதிகாரி. அளந்து பார்க்க அலுவலகத்தில் கருவி இருக்கிறது. இவர் அதை நம்புவதில்லை. "கருவி உயரத்தைத்தான் சார் சொல்லும். எப்படித் தூக்கிப் போடுதுங்கறத டீதான் சொல்லும்." சொட்டுக்கூடச் சிந்தாவிட்டால் தடை தாழ்வு, மறுபடி போடவேண்டும். முழுக்கச் சிந்தினால் உயரம், செதுக்கவேண்டும். பாதிதான் பதம். தேநீர் ஆறியிருக்க வேண்டும் என்பது பிற்பாடு சேர்ந்த விதி. ஏன் சேர்ந்தது என்று அவர் சொல்லமாட்டார், டிரைவரைக் கேட்டால் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டே சொல்வார்.

இந்த நாற்காலிக்கு அவர் வந்து சேர்ந்த கதை பெரிய கதை. வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒருவழிப் பாதைப் பிரிவில் போட்டார்கள். ஆர்வக் கோளாறில் தம் தெருவையும் சுற்றியுள்ள தெருக்களையும் ஒருவழிப் பாதையாக்கிவிட்டு, சாயங்காலம் வீடு திரும்பினால், வெளியே போக நாலு வழி இருக்கிறது, உள்ளே வர ஒன்றுகூட இல்லை. ஸ்கூட்டரை அணைத்துத் தள்ளிக்கொண்டே வந்தார். தள்ளிக்கொண்டு வந்தால் அது வாகனம் இல்லையாம், வெறும் சாமானாம்! அங்கிருந்து கோடு போடும் பிரிவு. வெள்ளைக் கோடுகளை மேற்பார்வை பார்க்கிறேன் என்று நடுரோட்டில் போய் நின்றார். அதிகாரியை நகரச் சொல்ல பெயின்டருக்கு வாய் வரவில்லை, சுற்றியே அடித்துவிட்டுப் போய்விட்டார். கடைத்தெருவில் இரண்டு ஷூ அளவுக்கு இடம் விட்ட அந்தக் கோட்டை இன்றைக்கும் பார்க்கலாம். மேலதிகாரி அதைப் பார்த்த அன்றே இவரை வேகத்தடைப் பிரிவுக்குத் தூக்கி அடித்தார். அங்கே இவரால் யாருக்கும் தொந்தரவிராது என்று நினைத்திருப்பார், பாவம். என் இடுப்பை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

எங்கள் தெருமுனையில் ஒரு பள்ளிக்கூடம். மணி அடித்தால் போதும், பிள்ளைகள் இந்தப் பக்கம் அந்தப் பக்கம் பார்க்காமல் ஓடிவரும். அதற்காக அவர் வீட்டை அடுத்து ஒரு தடை போட்டிருக்கிறார். ஊரிலேயே உயரமானது அதுதான். இதற்கு மட்டும் பரீட்சை எதுவும் கிடையாது. "பிள்ளைங்க விஷயத்துல டீயையெல்லாம் கேட்டுக்கிட்டு இருக்க முடியாது சார்" என்று என் வாயை அடைத்துவிட்டார்.

வம்பு வீட்டுக்குள்ளிருந்தே வந்தது. அவர் மனைவி வீட்டில் கேக் செய்து விற்பவர். பெரிய ஹோட்டல் ஒன்றிலிருந்து மூன்றடுக்கு கேக்குக்கு ஆர்டர் வந்தது. "இது நல்லபடியா வந்து சேர்ந்துட்டா இனிமே எங்க விழா எல்லாத்துக்கும் நீங்கதான்" என்று மேனேஜர் சொல்ல, அந்த அம்மாளுக்குத் தலைகால் புரியவில்லை. வருஷக் கணக்காக அவர் காத்துக்கொண்டிருந்தது இந்த ஒரு வார்த்தைக்குத்தான். சந்தோஷம் கொஞ்சம் அடங்கி ஜன்னல் வழியே பார்த்தால், அந்த மேடு. தெருவின் மறுமுனையிலோ குழாய் பதிக்கப் பள்ளம் தோண்டிப் போட்டிருந்தார்கள். மேட்டைத் தாண்டாமல் கேக் போக வழியே இல்லை.

"என்னங்க, ஒரே ஒரு நாள் அதை எடுத்துட்டு மறுநாள் போட்டுக்குங்களேன்."

"அதெப்படிம்மா முடியும்? பள்ளிக்கூடம் இருக்கே."

"ஒரு நாள்தானே கேக்கறேன்?"

"அந்த ஒரு நாள் பாத்து எவனாவது பறந்து வந்தா?"

"அப்ப என் கேக் சரிஞ்சு விழுந்தா உங்களுக்குப் பரவாயில்ல, அப்படித்தானே?"

அத்தோடு அந்த வீட்டில் பேச்சு நின்றது. இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? அவர்கள் ஜன்னலும் எங்கள் ஜன்னலும் எதிரெதிர். அங்கே சண்டை ஆரம்பித்தால் இங்கே டிவியை நிறுத்திவிடுவோம்.

கேக் போவதற்கு முந்தின நாள், டிரைவர் கடப்பாரையும் ஆளுமாக வந்து இறங்கினார். "சார், ஊம்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. காலைல மேடு இருக்காது, சாயங்காலம் பழையபடி இருக்கும். ஒருத்தருக்கும் தெரியாது." மனிதர் மேட்டைச் சுற்றிச் சுற்றி வந்தார். அதன்மேல் ஒரு காலை வைத்தார், எடுத்தார். "வேணாம்ப்பா. கொண்டு போயிடு" என்றார். கடப்பாரை போன பிறகு என்னைப் பார்த்து, "சார், அந்த கேக் விழுந்துச்சுன்னா அவ மூஞ்சியை நான் எப்படிப் பாப்பேன்?" என்றார். அழுதுவிடுவாரோ என்று எனக்கே பயமாகப் போய்விட்டது.

மறுநாள் காலை, கார் மேட்டுக்கு முன்னால் வந்து நின்றது. ஓட்டி வந்தவர் மனைவி. பின் இருக்கையில் பலகையோடு கேக், அதைக் கட்டிப் பிடித்தபடி இவர். இறங்கினார். பலகையோடு கேக்கை இரண்டு கையாலும் தூக்கினார். நடக்க ஆரம்பித்தார்.

தெருவே வாசலுக்கு வந்துவிட்டது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் ஓட மறந்து நின்றன. மேட்டில் ஏறும்போது, அவர் போட்ட உயரமாயிற்றே, கால் இடறியது! மேலடுக்கு ஒரு பக்கம் சாய்ந்தது. அவரும் அந்தப் பக்கம் சாய்ந்தார். ஜன்னலில் நானும் சாய்ந்தேன். "ஐயையோ!" என்றது தெரு. கேக் என்ன நினைத்ததோ, மெல்ல நிமிர்ந்துகொண்டது. அவர் அடிமேல் அடி வைத்து அந்தப் பக்கம் இறங்கி நின்றார்.

பின்னாலேயே அவர் மனைவி காரை ஊர்ந்து ஊர்ந்து மேட்டில் ஏற்றி இறக்கி, பக்கத்தில் நிறுத்தி, ஓடிவந்து கேக்கைச் சுற்றிப் பார்த்தார். ஒரு கீறல் இல்லை. அந்த அம்மாளின் கண் கலங்கியது. இவர் முகத்தில் வேர்வை வழிந்துகொண்டிருந்தது, ஆனாலும் வாய் சும்மா இருக்குமா?

"நீ எவ்ளோ மெதுவா வந்தே கவனிச்சியா? இதுக்குத்தாம்மா நான் படிச்சுப் படிச்சு..."

வழியில் ஏதாவது உதிர்ந்தால் ஒட்டுவதற்கென்று கொண்டுவந்திருந்த சர்க்கரை ரோஜாக்களில் பெரியதாக ஒன்றைப் பொறுக்கி எடுத்து, இரண்டு கையிலும் கேக்கை ஏந்தி நின்ற மனிதரின் வாயில் முழுசாகத் திணித்தார் அவர் மனைவி.