என்னை வழியனுப்பி வைத்த விழா

உலகப் புகழ்பெற்ற சதுரங்க வீரர்களின் வாழ்க்கைக் குறிப்புகளை வாசிக்கும்போதெல்லாம் எனக்குப் பொல்லாத எரிச்சல் வரும். நாலு வயதில் தகப்பனைத் தோற்கடித்தார், பத்து வயதில் நகரச் சம்பியன், பிறகு பட்டம், பதக்கம் என்று ஏணிப்படி மாதிரி ஏறிக்கொண்டே போகும். ஊர் கூடிக் கதிரையில் இருத்திவைத்துப் பொன்னாடை போர்த்தியே ஒருவரைத் தோற்கடித்ததாக எதிலும் ஒரு வரி இருக்காது. என்னைப் பற்றி யாராவது எழுதுவதாக இருந்தால் அந்த வரியில்தான் தொடங்க வேண்டும்.

தகப்பனைத் தோற்கடிக்கும் பாக்கியமும் எனக்கு வாய்க்கவில்லை. ஆரையம்பதியில் வாவியில் தோணி விட்டு மீன் பிடிக்கிறவர் என் அப்பா. குதிரை எப்படித் தாவும் என்பது அவருக்கு இன்றைக்கும் தெரியாது. பள்ளிக்கூடத்தில் பழகிய விளையாட்டை நான் விடாமல் பிடித்துக்கொண்டு மாவட்டம், மாகாணம் என்று பஸ் ஏறித் திரிந்தபோது அவர் சொன்னதெல்லாம் சாப்பிட்டுவிட்டுப் போ என்பது ஒன்றுதான். மறித்துப் பேசியது ஊர். குமர்ப்பிள்ளையைப் பலகை விளையாட்டுக்குக் கொழும்புக்கு அனுப்புகிறாயே, அது சோறு போடுமா என்று மீன் நிறுக்கும் இடத்தில் வைத்துக் கேட்பார்கள். அங்கே தராசு பிடிக்கும் முதலாளி எனக்குத் தாயக்கட்டைக்காரி என்று பெயரே வைத்திருந்தார்.  அப்பா வலையை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிடுவார்.

அப்படியிருக்க, தேசியப் பெண்கள் சம்பியன் போட்டிக்கு நான் தெரிவானேன். அதில் முதல் ஐந்து இடங்களுக்குள் வந்தால் வெளிநாடு போகும் நாட்டு அணியில் இடம் கிடைக்கும். பத்திரிகையின் மூலையில் என் படம் முத்திரை அளவில் வந்தது. அவ்வளவுதான், ஒரே நாளில் ஊர் கட்சி மாறிவிட்டது.

வென்றவருக்குத்தான் பாராட்டு என்ற கஞ்சத்தனம் எங்கள் பக்கத்தில் கிடையாது. போகிறவருக்கும் விழா, போய் வந்தவருக்கும் விழா, போக முடியாமல் நின்றவருக்கு ஆறுதல் கூட்டம். விளையாட்டுக் கழகச் செயலாளர் வீட்டுக்கு வந்து வழியனுப்பு விழா என்றார். பிரதம அதிதிக்கு ஓய்வு கிடைத்த ஒரே நாள், நான் பயணம் போகும் நாள். மறுநாள் காலை முதல் ஆட்டம், வேண்டாம் என்றேன். நாலு மணிக்குத் தொடங்கி ஆறு மணிக்கு முடித்துவிடலாம், பஸ் எட்டு மணிக்குத்தானே என்றார் அவர். நான் திரும்பிப் பார்த்தேன். அப்பா பெட்டிக்குள் இருந்த பட்டு வேட்டியை எடுத்து உதறிக்கொண்டிருந்தார். சரி என்று தலையாட்டினேன்.

மேடை பிரதான வீதியைப் பார்த்தபடி இருந்தது. கல்முனையிலிருந்து வரும் கொழும்பு பஸ் அதற்கு முன்னால்தான் போகும். இறங்கி வீதியைக் கடந்தால் பஸ், என்ன பயம் என்று எல்லோரும் தைரியம் சொன்னார்கள். பயணப் பையைக் காலடியில் வைத்துக்கொண்டு அப்பாவுக்கும் அம்மாவுக்கும் நடுவில் இருந்தேன். பிரதம அதிதி ஆறரைக்கு வந்து சேர்ந்தார். அவர் வராமல் விளக்கேற்ற முடியாது, விளக்கேற்றாமல் வரவேற்புரை இல்லை.

எங்கள் ஊர் விழாவுக்கு எழுதாத சட்டம் ஒன்று உண்டு. பொன்னாடை போர்த்துகிற ஒவ்வொரு சங்கமும் பேசியே தீரும். கௌரவம் பெறுகிறவர் எல்லோருக்கும் கடைசியில் ஏற்புரை சொல்ல வேண்டும். அதற்கு முன் கதிரையை விட்டு எழும்பினால் அது ஊருக்கே செய்த அவமரியாதை. கோயில் பரிபாலன சபை பேசியது. மாதர் சங்கம் பேசியது. ஓய்வுபெற்ற அதிபர் ஒருவர், சதுரங்கப் பலகையின் கட்டங்களில் ஒன்று, இரண்டு, நாலு என்று அரிசி வைக்கச் சொன்ன பழைய கதையைத் தொடங்கினார். பத்தாவது கட்டத்தில் கணக்குப் பிசகி, கொக்கட்டிச்சோலைப் பக்கத்து வயல் வட்டை முழுக்க விளைந்தாலும் அந்த நெல் காணாது என்று முடித்தார். இன்னொருவர் என் விரல் சுண்டும் திறமையைப் புகழ்ந்தார். அவர் மனதில் இருந்தது கெரம் பலகை.

சிரிப்பாகத்தான் இருந்தது. ஆனால் வந்தவர்கள் எனக்கு மட்டும் போர்த்தவில்லை, அப்பாவுக்கும் போர்த்தினார்கள். சோறு போடுமா என்று கேட்ட அதே வாய்கள் இப்போது, இப்படி ஒரு பிள்ளையைப் பெற நீ கொடுத்துவைத்திருக்க வேண்டும் என்றன. அப்பா ஒவ்வொரு கையையும் தன் இரண்டு கைகளாலும் பிடித்தார். அந்த முகத்தை நான் அதற்கு முன் கண்டதில்லை.

எட்டு மணிக்குப் பஸ் வந்தது. எதிர்ப்பக்கத்தில் நிறுத்தி ஹோர்ன் அடித்தார்கள். காலடியில் பைக்குள் போன் அதிர்ந்தது, கண்டக்டர்தான். அந்த நேரம் பார்த்துத் தராசு முதலாளி அப்பாவுக்குப் பொன்னாடை விரித்துக்கொண்டிருந்தார். நான் எழும்பினால் ஊர்க் கண் என் பக்கம் திரும்பும், அந்தப் பொன்னாடை பாதியில் நின்றுவிடும். எத்தனையோ ஆட்டங்களில் பத்து நகர்த்தல் முன்கூட்டிப் பார்த்த எனக்கு அன்று ஒரு நகர்த்தலும் தெரியவில்லை. இன்னொரு தடவை ஹோர்ன் அடித்துவிட்டுப் பஸ் போய்விட்டது. மைக்கில் பேசிக்கொண்டிருந்தவர், இந்தப் பெண்ணை இனி யாராலும் தடுத்து நிறுத்த முடியாது என்றார். பலத்த கைதட்டல்.

பிறகு வான் பிடித்தார்கள். வழியில் டயர் வெடித்தது. நான் மண்டபத்துக்குள் ஓடிப் போனபோது பிந்தி வரலாம் என்று விட்டிருந்த நேரமும் முடிந்துவிட்டது. ஒரு காயைக்கூடத் தொடாமல் முதல் ஆட்டத்தில் தோல்வி. அந்த ஆத்திரத்தில் மிச்ச ஆட்டங்களைப் பேய் பிடித்தவள் போல ஆடினேன். கடைசியில் அரைப் புள்ளியால் ஆறாவது இடம். அணியில் நான் இல்லை. கழுவறைக் கதவைச் சாத்திக்கொண்டு வாய்விட்டு அழுதேன்.

ஊருக்கு வந்து இறங்கியபோது சந்தியில் அப்பா சைக்கிளோடு நின்றார். பையை வாங்கிப் பின்னால் கட்டினார். கொஞ்சத் தூரம் உருட்டிக்கொண்டு வந்தார்.

"அண்டைக்கு பஸ்ஸு போனத்த நீ கண்டயா மகள்?"

"கண்டனப்பா."

"நானும் கண்டன்," என்றார்.

ஆறாவது என்றால் சும்மாவா என்று அடுத்த கிழமை கழகம் மறுபடி விழா எடுத்தது. காய்ச்சல் என்று சொல்லிப் படுத்துவிட்டேன்.

அடுத்த வருடமும் தெரிவானேன். இந்தத் தடவை பத்திரிகைக்காரர் மறந்துவிட்டார், படம் வரவில்லை. ஆனாலும் எப்படியோ மணம் பிடித்துச் செயலாளர் வாசல் படலையடிக்கு வந்துவிட்டார். நான் உள்ளே உடுப்பு மடித்துக்கொண்டிருந்தேன்.

"அவ அந்த விளையாட்ட விட்டுத்தா தம்பி," என்று அப்பா சொல்வது கேட்டது. "நமக்கு அது சரிவராது."

மடித்த சட்டையைக் கையில் பிடித்தபடி நின்றுவிட்டேன். அது அன்றே மீன் நிறுக்கும் இடத்துக்கும் போய்விட்டது. நாங்கள் அப்போதே சொன்னோமே, சோறு போடாது என்று, எனத் தராசு முதலாளி தொடங்க, அப்பா ஓம் ஓம் என்று தலையாட்டினாராம். போட்டிக்கு முதல் நாள் பின்னேரம் வலைக்குப் போகிறவர் மாதிரித் தோணியைத் தள்ளினார். நான் அதற்குள் முக்காடு போட்டுக் குந்தியிருந்தேன். வாவி வழியாகவே டவுனுக்குக் கொண்டுபோய் இறக்கி ரயிலேற்றிவிட்டார்.

மூன்றாவது இடம் வந்தேன். நாட்டு அணிக்குப் போனேன்.

விழா இல்லாமலா? மேடைக்குப் பின்னால் கட்டிய பனரில் என் முகம் ஆளுயரத்துக்கு இருந்தது. அப்பாவுக்கு மேடையில் கதிரை போடவில்லை, பொய் சொன்ன மனிதர் என்று கோபம். பெற்ற தகப்பனே கைவிட்டபோதும் இந்தப் பிள்ளையில் நம்பிக்கை வைத்தது இந்த ஊர்தான் என்று செயலாளர் மைக்கில் முழங்கினார். சனம் திரும்பி அப்பாவைப் பார்த்தது. கடைசி வரிசையில் இருந்து அவரும் கை தட்டினார்.

எனக்கு உடம்பெல்லாம் கொதித்தது. ஏற்புரையில் எல்லாவற்றையும் போட்டு உடைப்பது என்று வீட்டிலேயே முடிவெடுத்திருந்தேன். முகத்தில் தெரிந்திருக்க வேண்டும். புறப்படும்போதே அப்பா என்னைக் கிணற்றடிக்குக் கூப்பிட்டிருந்தார்.

"தோணிக் கதை ஒண்டும் சொல்லிப்போடாத மகள். அடுத்த வருசமும் போட்டி இரிக்குத்தானே."

எழும்பி மைக்கைப் பிடித்தேன். ஊருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்து கதிரையில் இருந்தேன்.