மோட்டார் கொட்டகைக் காலண்டர்

எங்கள் பக்கத்து உரக்கடைக்காரர்கள் வருஷத்துக்கு இரண்டு விதமான காலண்டர் அடிப்பார்கள். ஒன்று சாமி படம் போட்டது, அது வீட்டுக்கு. இன்னொன்று பெண் படம் போட்டது, அது வயலில் இருக்கும் மோட்டார் கொட்டகைக்கு. இதை யாரும் எழுதி வைக்கவில்லை. ஆனாலும் குத்தாலத்திலிருந்து கும்பகோணம் வரை விவசாயம் பார்க்கிற அத்தனை பேருக்கும் தெரியும். மார்கழியில் கடைக்குப் போகும் ஆண்களிடம் கல்லாவில் இருப்பவர், "வீட்டுக்கா, கொட்டாய்க்கா?" என்று கேட்பார். பெரும்பாலும் இரண்டையும் வாங்கிக்கொள்வார்கள். வேதக்கார வீடுகளுக்கு முருகனுக்குப் பதிலாக மாதா படம் கிடைக்கும். கொட்டகைக்கு மட்டும் மத வித்தியாசம் கிடையாது, எல்லோருக்கும் அதே பெண்தான்.

என் அப்பாவும் இரண்டையும் வாங்கிவருவார். முருகனை விரித்துக் கூடத்தில் மாட்டுவார். மற்றது சுருட்டியபடியே சைக்கிளில் வயலுக்குப் போய்விடும். மேலே தகரப் பட்டை வைத்து, பெரிய படமும் அடியில் மாதத் தாள்களுமாக இருக்கும் அது. வயலில் எந்தத் தாக்குக்கு எந்தத் தேதியில் யூரியா போட்டார் என்பதை அப்பா அந்தத் தாள்களில் பென்சிலால் குறித்துவைப்பார். வயலுக்குப் போகும்போது நானும் அந்தப் பெண்களைப் பார்த்திருக்கிறேன். ஒரு வருஷம் டிராக்டர் மேல் ஒருத்தி, இன்னொரு வருஷம் அருவியில் ஒருத்தி. எனக்கு எரிச்சல்கூட வந்ததில்லை. இதையும் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் நான் ஏதோ பிறந்ததிலிருந்தே விவரமானவள் மாதிரி ஆகிவிடும்.

அப்போதுதான் எங்கள் ஊருக்குள் கேபிள் டி.வி. ஒயர் வந்திருந்தது. பம்பு செட் விற்கவும் பெண், சிமெண்ட் விற்கவும் பெண், டயருக்கும் பெண். பூச்சிமருந்துகூட வெளிநாட்டுப் பேரில் கலர் கலரான டப்பாவில் வர ஆரம்பித்திருந்தது. புழு சாகிற மருந்துக்குப் பக்கத்தில் நனைந்த பாவாடையோடு ஒரு பெண் எதற்கு நிற்க வேண்டும் என்று ஒருத்தரும் கேட்கவில்லை.

நான் கும்பகோணத்தில் டிகிரி மூன்றாம் வருஷம் படித்துக்கொண்டிருந்தேன். சிங்கப்பூரில் வேலை பார்க்கும் ஒருவருக்கு என்னைக் கேட்டு வந்தார்கள். வெளிநாட்டு மாப்பிள்ளை என்றால் ஆள் நேரில் வந்து பெண் பார்ப்பது கிடையாது, போட்டோதான் கடல் தாண்டிப் போகும். ஆகவே அப்பா என்னை ஸ்டுடியோவுக்கு அழைத்துப்போனார். பட்டுப்புடவை கட்டி, செருப்போடு ஒன்று, செருப்பில்லாமல் ஒன்று, முகம் மட்டும் ஒன்று. உயரம் தெரிய வேண்டும், கலர் தெரிய வேண்டும், பல் தெரிகிற மாதிரி லேசாகச் சிரிக்கவும் வேண்டும். மாடு பிடிக்கப் போகிறவர் பார்ப்பதையெல்லாம் போட்டோக்காரர் விடாமல் எடுத்தார்.

கிளம்பும்போது அவர் சொன்னார், "நெகட்டிவ் இங்கயே இருக்கட்டும் சார். இந்த எடம் தட்டிப்போச்சுன்னா அடுத்த எடத்துக்குக் காப்பி போடணும்ல?"

அப்பா சரி என்றார். எல்லா அப்பாக்களும் அப்படித்தான் சரி என்றார்கள். எங்கள் பக்கத்துக் கல்யாண வயசுப் பெண்கள் அத்தனை பேரும் அந்த ஸ்டுடியோவின் பிஸ்கட் டின்களுக்குள் வரிசையாக இருந்தோம். சிங்கப்பூர்க்காரருக்கு என் உயரம் போதவில்லையாம். படிப்பை முடித்து வேலைக்குப் போகலாம் என்று எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது.

அந்த வருஷம் பொங்கலுக்கு நான்கைந்து நாள் முன்பே எங்கள் மேட்டு வயலில் அறுப்பு தொடங்கிவிட்டது. அறுக்க வந்த பெண்களில் ஒருவர் தண்ணீர் குடிக்க மோட்டார் கொட்டகைக்குள் போனார். போன வேகத்தில் வெளியே வந்து, சோறு கொண்டுபோயிருந்த என் அம்மாவைத் தனியாகக் கூப்பிட்டார்.

"அம்மா, கொட்டாயில நம்ம பாப்பா படம் மாட்டியிருக்கே. ஐயா பாக்கலிங்களா?"

அம்மா காலண்டரைக் கழற்றி, சாக்குக்குள் சுருட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். நான் அப்போதுதான் காலேஜிலிருந்து வந்து உட்கார்ந்திருந்தேன். என் முன்னால் விரித்தாள். முகம் என்னுடையது. ஸ்டுடியோவில் சிரித்த அதே சிரிப்பு, ஆனால் சுண்ணாம்பு அடித்த மாதிரி வெளுப்பாக்கியிருந்தார்கள். கழுத்துக்குக் கீழே இருந்தது வேறு ஒருத்தி. வயிறு தெரிய இறக்கிக் கட்டிய பாவாடை, மாராப்பு தோளில் இல்லை, உடம்பெல்லாம் தண்ணீர். கையில் பூச்சிமருந்து டப்பா. ஒட்டுப்போட்ட இடம் தெரியாமல் இருக்கக் கழுத்தில் தடியாக ஒரு அட்டிகையை வரைந்திருந்தார்கள். அந்த முகத்தை நகத்தால் சுரண்டப் போனேன், அம்மா தடுத்துவிட்டாள்.

அப்புறம்தான் அது உறைத்தது. அந்தப் படத்தை அப்பாதான் தன் கையால் மாட்டியிருந்தார். பதினோரு நாள். வாழைக்குத் தண்ணீர் விட தினமும் காலையிலும் சாயங்காலமும் அதற்கு முன்னால் நின்றுதான் மோட்டார் சுவிட்சைப் போட்டார். நெல்லில் கலப்பு இருந்தால் வரப்பில் நின்றபடியே சொல்லிவிடுகிற மனுஷர். அவருக்கு என் முகம் தெரியவில்லை. எப்படித் தெரியும்? அந்தக் காலண்டரில் முகத்தை யார் பார்த்தார்கள்? பெற்ற மகளை அடையாளம் தெரியாத அளவுக்கு என்னத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு வயிறு எரிகிறது.

அப்பாவிடம் சொன்னதும் முதலில் வந்த வார்த்தை, "நாளையிலேர்ந்து காலேஜு வேணாம்." ஸ்டுடியோக்காரரை அப்புறம்தான் திட்டினார். கடைசிப் பரீட்சைக்கு மூன்று மாதம் இருந்தது. திருட்டுப் போனது என் முகம், தண்டனையும் எனக்கே. நான் அழுதேன், கத்தினேன், ஒரு நாள் சாப்பிடாமல் கிடந்தேன். அப்பா அசையவில்லை. பஸ்ஸில் எல்லோரும் பார்ப்பார்கள் என்றார். பார்க்கிறவர்களைப் பற்றி அவருக்கு ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை.

பெரியப்பாவும் மாமாவும் ஸ்டுடியோவுக்குப் போனார்கள். காலண்டர் கம்பெனி ஆள் ஒருவர் நல்ல முகமாகக் கேட்டதாகவும், தான் கொடுத்ததாகவும் போட்டோக்காரர் கூசாமல் சொன்னாராம். "மொகந்தானே சார் உங்க பொண்ணுது? ஒடம்பு மெட்ராசுல எடுத்தது" என்றாராம். அந்தப் பதிலைத்தான் இருவரும் வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். உரக்கடைக்காரர் மிச்சம் இருந்த காலண்டர்களை உள்ளே எடுத்து வைத்துவிட்டார். கொடுத்தது கொடுத்ததுதான்.

அன்று சாயங்காலம் கூடத்தில், முருகன் காலண்டருக்குக் கீழே, கட்டிலில் அந்தப் படத்தை விரித்துப்போட்டு அப்பாவும் அவர்களுமாக மூன்று பேரும் சுற்றி உட்கார்ந்தார்கள். உடம்பு என்னுடையதுதானா என்று தீர விசாரிக்கப் போகிறார்களாம். போட்டோக்காரர் பொய் சொல்லியிருந்தால்? நான் யாருக்கும் தெரியாமல் போய் நின்றிருந்தால்? பக்கத்து அறையில் நான் கதவோரமாக நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். காகிதத்தைத் திருப்புகிற சத்தம் கேட்டது. மாமா தன் மூக்குக்கண்ணாடியை எடுத்துவரச் சொன்னார். ரொம்ப நேரம் பார்த்தார்கள். விசாரணைக்கு அவ்வளவு நேரம் தேவைதானா என்று அந்த வயசிலேயே எனக்குக் கேட்கத் தோன்றியது.

கடைசியில் அம்மாதான் வாய் திறந்தாள். "எம்பொண்ணுக்கு வயித்துல ஆபரேஷன் பண்ணுன தழும்பு இருக்கு. இதுல இல்ல பாருங்க."

திரும்பவும் பார்த்தார்கள்.

"ஆமா, இல்ல" என்றார் பெரியப்பா. "அப்ப இது நம்ம புள்ள இல்ல."

என்னைக் கூப்பிட்டார்கள். "நாளைக்குக் காலேஜுக்குப் போ" என்றார் அப்பா. அவர் கண் கலங்கியிருந்தது. நான் சொன்னதையும் சொல்லிவிடுகிறேன். "நாந்தான் சொன்னேன்லப்பா, அது எவளோ ஒருத்தின்னு!" எவளோ ஒருத்தி. என் வாயாலேயே சொன்னேன். அவளும் எங்கேயோ ஒரு ஸ்டுடியோவில் சொன்ன இடத்தில் நின்றவள்தான், அவளுக்கும் என்ன சொல்லி நிற்கவைத்தார்களோ. அவள் தலையை வெட்டி எறிந்துவிட்டு என் தலையை வைத்திருக்கிறார்கள். என் படிப்புக்கு அவளைக் காவு கொடுத்து நான் தப்பித்துக்கொண்டேன். அன்று ராத்திரி நன்றாகத் தூங்கவும் செய்தேன்.

காலேஜுக்குப் போனேன். பஸ் நிற்கிற இடத்து டீக்கடையில் அந்தக் காலண்டர் தொங்கியது. சலூனிலும் தொங்கியது. பையன்கள் என்னைப் பார்த்துவிட்டுப் படத்தைப் பார்ப்பார்கள், படத்தைப் பார்த்துவிட்டு என்னைப் பார்ப்பார்கள். நான் தலையைக் குனியவில்லை, முறைத்தேன். உள்ளே வெந்துகொண்டுதான் இருந்தது.

தை கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. களத்தில் நெல் தூற்றிக்கொண்டிருந்தார்கள். அப்பாவுக்கு இட்லி எடுத்துக்கொண்டு போனேன். அவர் கொட்டகையில் இருப்பதாகச் சொன்னார்கள். உள்ளே நுழைந்தேன். சுவிட்சுப் பெட்டிக்கு மேலே, அதே ஆணியில், அதே காலண்டர். என் முகம் இருந்த இடத்தை மட்டும் பிளேடால் சதுரமாக வெட்டி எடுத்திருந்தார். ஓட்டை வழியாகச் செங்கல் தெரிந்தது. அதற்குக் கீழே அவள், அந்த டப்பாவோடு, தலையில்லாமல். அடியில் மாதத் தாளில் பென்சில் குறிப்புகள் புதுசாக இருந்தன.

நான் அதை ஆணியிலிருந்து பிடுங்கினேன். தகரப் பட்டை விரலைக் கிழித்தது.

"ஏய், ஏன் அத எடுக்கற?" அப்பாவுக்கு நிஜமாகவே புரியவில்லை. "உம் மொகத்தத்தான் எடுத்துட்டேனே. இது யாரோ எவளோ."

"அவளுக்கும் ஒரு அப்பா இருப்பாருப்பா."

அப்பா சிரித்தார். சின்னப்பிள்ளையைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு. "இருந்திருந்தா இப்புடி ஊர் பாக்கத் தொங்க விட்டிருப்பானா?"

"நீங்க பதினோரு நாள் விட்டீங்களே."

அவர் முகத்தில் சிரிப்பு நின்றுபோயிற்று. என்னை அடிப்பார் என்று நினைத்தேன், அடிக்கவில்லை. இட்லித் தூக்கைக் கீழே வைத்துவிட்டு, அவளைச் சுருட்டி எடுத்துக்கொண்டு நான் வெளியே வந்தேன். அப்பா அன்று சாப்பிடவில்லை என்று அம்மா சொன்னாள். எனக்குப் பாவமாக இல்லை.